அதை யார் சார் எழுதுனது?

(கும்மிடிப்பூண்டி வட்டாரத்தில் நடைபெற்ற குறுவள மையக் கூட்டத்தில், ஆசிரியர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

தொடக்கப் பள்ளி ஆசிரியர்களும் உயர்நிலைப் பள்ளி ஆசிரியர்களும் ஒன்றாக அமர்ந்திருக்கும் கூட்டம் இது. 'மாணவருக்கு ஒரு தொழிலை அறிமுகம் செய்வது எப்படி' என்று பேசச் சொன்னார்கள். மருத்துவர், பொறியாளர், காவல்துறை அதிகாரி என்று நாம் வழக்கமாகச் சொல்லும் பட்டியலில் இல்லாத ஒரு தொழிலைப் பற்றிப் பேசப்போகிறேன். இயற்கை ஆவணப்படங்களுக்கு எழுதும் தொழில். இதை நான் தெரிந்துகொண்டதற்கு என் மாணவன் ஒருவன்தான் காரணம். அவனிடம் நான் செய்த தவறும் காரணம்.

2019 ஜனவரி. ஒன்பதாம் வகுப்புக்கு அறிவியல் பாடம். மடிக்கணினியில் பறவைகள் பற்றிய ஓர் ஆங்கில ஆவணப்படம் போட்டேன். பிள்ளைகளுக்கு ஆங்கிலம் புரியாது என்பதால் ஒலியைக் குறைத்துவிட்டு, காட்சிக்குக் காட்சி நானே தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். பூநாரை வந்தது. நீண்ட கால், வளைந்த அலகு. "தண்ணீரில் நின்று மீன் பிடித்துத் தின்னும்" என்றேன்.

கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்தான். ஏரிக்கரையை ஒட்டிய இருளர் குடியிருப்பைச் சேர்ந்தவன். "மீன் இல்ல சார். தலையக் கவுத்துக்கினு சேத்துத் தண்ணிய வடிகட்டித் துன்னும்" என்றான். வகுப்பு சிரித்தது. எனக்குக் கோபம் வந்தது. படம் முடிந்ததும் அவனே மறுபடி கேட்டான்: "சார், படத்துல ஒரு ஆளு பேசுறாரே, அதை யார் சார் எழுதுனது?"

"அதெல்லாம் அப்புறம். முதல்ல படிக்கிற வழியப் பாரு" என்று சொல்லி உட்கார வைத்தேன்.

அவன் சொன்னதுதான் சரி. பூநாரை அலகைத் தலைகீழாகத் தண்ணீரில் வைத்து, நாக்கைப் பம்பு போல இயக்கி, சேற்று நீரை வடிகட்டி நுண்ணுயிரிகளையும் பாசியையும் சிறு இறால் வகைகளையும் உண்ணும். பழவேற்காடு ஏரி நமக்குப் பக்கத்தில் இருக்கிறது. சிலிக்காவுக்கு அடுத்து நாட்டின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி. அங்கே அவனுடைய பாட்டி, வாயில் பறியைக் கடித்துக்கொண்டு, இடுப்பளவு தண்ணீரில் கையால் தடவி இறால் பிடிப்பவர். கூடவே போய் நின்ற பையன், நான் புத்தகத்தில்கூடச் சரியாகப் படிக்காததைக் கண்ணால் பார்த்திருந்தான்.

பத்தாம் வகுப்பில் காலாண்டு விடுமுறைக்குப் பிறகு அவன் வரவில்லை. அப்பாவுடன் சவுக்கு வெட்டும் வேலைக்குப் போய்விட்டான் என்றார்கள். இரண்டு முறை வீட்டுக்குப் போனேன். இரண்டு முறையும் ஆள் இல்லை. மூன்றாவது முறை நான் போகவில்லை. பொதுத்தேர்வுக்குப் பெயர்ப்பட்டியல் தயாரித்தபோது அவன் பெயர் அதில் இல்லை. அடுத்து என்ன நடந்தது என்பது உங்களுக்குத் தெரியும். கொரோனா வந்தது. 2020 ஜூனில் பத்தாம் வகுப்புத் தேர்வு ரத்தாகி, பட்டியலில் இருந்த எல்லாரும் தேர்ச்சி என்று அரசு அறிவித்தது. அன்று மற்றப் பிள்ளைகள் தொலைபேசியில் கூப்பிட்டு மகிழ்ச்சியைச் சொன்னபோது, எனக்கு அவன் ஞாபகம்தான் வந்தது. இன்னும் ஆறு மாதம் பட்டியலில் இருந்திருந்தால் கையில் ஒரு சான்றிதழ் இருந்திருக்கும்.

ஊரடங்கில் வீட்டில் இருந்த நாட்களில் அவன் கேட்ட கேள்விக்கு விடை தேட ஆரம்பித்தேன். அதை யார் எழுதினார்கள்?

விடை நான் நினைத்ததைவிடச் சுவையானது. உலகம் முழுக்கத் தெரிந்த குரல் டேவிட் அட்டன்பரோவுடையது. 1979-இல் பிபிசியில் பதின்மூன்று பகுதிகளாக வந்த 'லைஃப் ஆன் எர்த்' தொடரை அவரே எழுதி, அவரே பேசினார். பிற்காலத்தில் வந்த 'பிளானட் எர்த்' போன்ற பெருந்தொடர்களில் குரல் அவருடையது. எழுத்து, பெரும்பாலும் அந்தந்தப் பகுதியைத் தயாரித்தவர்களுடையது. நம் காதில் விழும் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்னால், திரையில் முகம் காட்டாத ஒருவர் இருக்கிறார். என் மாணவன் அந்த ஒருவரைத்தான் விசாரித்தான்.

அப்படிப்பட்டவர்கள் நம் பக்கத்திலும் இருக்கிறார்களா என்று தேடினேன். கும்மிடிப்பூண்டியிலிருந்து மின்சார ரயிலில் போய்விடக்கூடிய சென்னையிலேயே ஒருவர் இருக்கிறார். பெயர் சேகர் தத்தாத்ரி. பள்ளியில் படிக்கும்போதே, பதின்மூன்று வயதில், கிண்டியில் இருக்கும் பாம்புப் பண்ணைக்குத் தன்னார்வலராகப் போனவர். அதைத் தொடங்கியவர் ரோமுலஸ் விட்டேகர். பாம்பைக் கையாளக் கற்றுக்கொள்ளப் போன சிறுவன், அங்கேயே கேமராவையும் கற்றுக்கொண்டார். பாம்புக்கடி பற்றிப் படமெடுக்க வந்த வெளிநாட்டு ஆவணப்படக்காரர்களுக்கு உதவியாளராக இருந்து படமெடுக்கும் வேலையைப் பழகினார். திரைப்படக் கல்லூரியில் சேர்ந்து படித்துவிட்டு வந்தவர் அல்ல.

1980-களின் பிற்பகுதியில் அவர் எடுத்த தொடக்கப் படம் எதைப் பற்றித் தெரியுமா? இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தைப் பற்றி.

இதைப் படித்தபோது எனக்குச் சுருக்கென்றது. 1972-இல் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பாம்புத்தோல் வியாபாரம் நின்றுபோனது. அதை நம்பியிருந்த இருளர் குடும்பங்களுக்குப் பிழைப்பு இல்லாமல் போயிற்று. 1978-இல் மாமல்லபுரத்துக்கு அருகே வடநெம்மேலியில் கூட்டுறவுச் சங்கம் உருவானது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கையும் உயிருடன் பிடித்து வந்து, விஷத்தை எடுத்துவிட்டு, மீண்டும் காட்டில் விடுவார்கள். அந்த விஷத்திலிருந்துதான் பாம்புக்கடிக்கு மருந்து தயாராகிறது. நம் ஆரம்ப சுகாதார நிலையத்தில் இருக்கும் மருந்துக் குப்பிக்குப் பின்னால் இருளர் மக்களின் அறிவு இருக்கிறது. அந்தச் சமூகத்தைச் சேர்ந்த வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-இல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது. என் கடைசி பெஞ்சு மாணவனின் உறவுக்காரர்களின் அறிவு ஒரு படமாகி, நாட்டின் மிகச் சிறந்த இயற்கைப் படக்காரர்களில் ஒருவரின் வாழ்க்கையைத் தொடங்கி வைத்திருக்கிறது. அந்த அறிவு என் வகுப்பில் எழுந்து நின்றபோது உட்காரச் சொன்னவன் நான்.

தத்தாத்ரி அடுத்து கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்கு மழைக்காட்டைப் பற்றியும், கர்நாடகத்தின் நாகரஹொளே காட்டைப் பற்றியும் படமெடுத்தார். வெளிநாட்டுத் தொலைக்காட்சிகளுக்கும் வேலை செய்தார். இரண்டாயிரமாவது ஆண்டு வாக்கில் பாதையை மாற்றிக்கொண்டார். அழகாகக் காட்டினால் போதாது, காப்பாற்றப் பயன்பட வேண்டும் என்று குறும்படங்களுக்கு வந்தார். 2001-இல் குதிரேமுக் இரும்புத்தாதுச் சுரங்கத்தைப் பற்றி ஒரு குறும்படம் எடுத்தார். 2002-இல் உச்ச நீதிமன்றம் அந்தச் சுரங்கத்தை 2005 முடிவுக்குள் மூடச் சொன்னது. வழக்கு தொடுத்து உழைத்தவர்கள் வேறு பலர். நேரில் போய்ப் பார்க்க முடியாத காட்டையும் ஆற்றையும் மற்றவர் கண்முன் கொண்டுவந்து வைத்தது படம். ஒடிசா கடற்கரையில் செத்து ஒதுங்கும் ஆமைகளைப் பற்றியும், புலிகளைப் பற்றியும் பிறகு எடுத்தார். 2004-இல் ரோலெக்ஸ் விருது பெற்றார். சிறுவர்களுக்கு எழுதியிருக்கிறார். ஆலிவ் ரிட்லி ஆமையைப் பற்றிய அவருடைய 'தி ரிடில் ஆஃப் தி ரிட்லி' நம் பள்ளி நூலகங்களில் இருக்க வேண்டிய புத்தகம்.

சரி, எழுதுபவர் உண்மையில் என்ன வேலை செய்கிறார்? வகுப்பில் சொல்வதற்கு ஏற்றபடி ஐந்து படிகளாகப் பிரித்து வைத்திருக்கிறேன்.

முதலில் விசாரிப்பது. ஆய்வாளர்களிடம் கேட்க வேண்டும்; அந்த இடத்திலேயே வாழும் மக்களிடமும் கேட்க வேண்டும். பூநாரை எந்த மாதம் வரும், எந்தப் பக்கம் இறங்கும், எப்போது கிளம்பும் என்று ஏரியில் வலை கட்டுபவரைவிட யாருக்குத் தெரியும்?

இரண்டாவது, எதை எடுக்கலாம் என்று ஒரு உத்தேசத் திட்டம் எழுதுவது. கதைப்படத்துக்கு வசனம் எழுதிவிட்டு எடுக்கலாம். பறவைக்கு வசனம் கொடுக்க முடியாது. அது நினைத்தபடிதான் அது நடக்கும். ஆகவே இந்தத் திட்டம் கடைசிவரை மாறிக்கொண்டே இருக்கும்.

மூன்றாவது, காத்திருந்து குறிப்பெடுப்பது. தேதி, நேரம், காற்று, தண்ணீரின் அளவு, என்ன நடந்தது, என்ன நடக்கவில்லை. சில நிமிடக் காட்சிக்காக மாதக்கணக்கில் காத்திருப்பது இந்தத் தொழிலில் சாதாரணம்.

நான்காவது, படத்தைத் தொகுத்த பிறகு வர்ணனை எழுதுவது. இங்கே ஒரு விதி உண்டு. கண்ணுக்குத் தெரிவதை வாயால் சொல்லக் கூடாது. திரையில் பறவை பறக்கும்போது 'பறவை பறக்கிறது' என்று சொல்லத் தேவையில்லை. எங்கிருந்து வந்தது, ஏன் வந்தது, நாளை என்ன ஆகும் என்பதைப் படம் சொல்லாது. அதைத்தான் எழுத வேண்டும். சில இடங்களில் ஒன்றும் எழுதாமல், அலைச் சத்தத்தை மட்டும் விட்டுவிட வேண்டும்.

ஐந்தாவது, கடிகாரத்தை வைத்துப் படித்துப் பார்ப்பது. பத்து விநாடிக் காட்சியில் தமிழில் பதினைந்து சொல்லுக்கு மேல் நிதானமாகப் படிக்க முடியவில்லை. இது என் வகுப்பில் நாங்களே அளந்து பார்த்தது. ஒரு சொல் கூடினாலும் அடுத்த காட்சியில் போய் இடிக்கும். பிறகு ஒவ்வொரு தகவலும் சரிதானா என்று மறுபடி சோதிக்க வேண்டும். பூநாரை மீன் பிடிக்கும் என்று நான் சொன்னேனே, அப்படி ஒரு வரி படத்தில் போய்விட்டால் லட்சம் பேர் தவறாகப் படிப்பார்கள்.

குரலே இல்லாமல் எடுக்கும் முறையும் உண்டு. 2023-இல் ஆஸ்கர் வாங்கிய 'தி எலிஃபன்ட் விஸ்பரர்ஸ்' படத்தைப் பலர் பார்த்திருப்பீர்கள். ஊட்டியில் வளர்ந்த கார்த்திகி கொன்சால்வ்ஸ் இயக்கியது. முதுமலை தெப்பக்காட்டு முகாமின் பொம்மனும் பெள்ளியும் தங்கள் தமிழிலேயே யானைக்குட்டியைப் பற்றிப் பேசுவார்கள். காட்டைத் தெரிந்தவர் தம் வாயால் சொல்கிறார், உலகம் கேட்கிறது. அவர்கள் பேசியதில் எதை எடுப்பது, எதை முன்னால் வைப்பது என்று தீர்மானிப்பதும் எழுத்து வேலைதான்.

"இதற்கெல்லாம் காடு வேண்டும், கேமரா வேண்டும், நம் பிள்ளைகள் எங்கே போவார்கள்?" என்று நீங்கள் கேட்கலாம். இந்தக் கேள்விக்கு விடையாக ஒருவரைச் சொல்கிறேன். மா. கிருஷ்ணன். தமிழின் முன்னோடி நாவலாசிரியர்களில் ஒருவரான அ. மாதவையாவின் மகன். 1912-இல் பிறந்தவர். கல்கத்தாவின் 'ஸ்டேட்ஸ்மன்' நாளிதழில் 1950-இல் 'கன்ட்ரி நோட்புக்' என்ற பத்தியைத் தொடங்கி, 1996 பிப்ரவரியில் இறக்கும்வரை எழுதினார். நாற்பத்தாறு ஆண்டுகள். யானைகளைத் தேடிக் காடுகாடாக அலைந்தவர்தான். ஆனால் அணிலையும் காக்கையையும் ஆட்டையும் அதே அக்கறையோடு பார்த்து எழுதினார். தமிழில் அவர் எழுதிய கட்டுரைகளைச் சு. தியடோர் பாஸ்கரன் தொகுத்து 'மழைக்காலமும் குயிலோசையும்' என்ற நூலாகக் கொண்டுவந்திருக்கிறார். மயிலாப்பூர் வீட்டில் இருந்துகொண்டு இயற்கையைப் பற்றி எழுத முடிந்தது என்றால், சிப்காட் சாலையோரப் பள்ளியிலிருந்தும் முடியும். லாரிப் புழுதிக்கு நடுவில் நம் பள்ளி வேப்பமரத்திலும் காக்கை கூடு கட்டுகிறது.

பெற்றோரிடம் இதைச் சொல்லும்போது மறைக்காமல் சொல்ல வேண்டும். இது மாதச் சம்பளம் நிச்சயமாக வரும் வேலை கிடையாது. ஒரு படம் கிடைக்கும். அடுத்த படம் எப்போது என்று தெரியாது. பலர் ஆய்வு உதவியாளராக, ஒளிப்படக்காரராக, பத்திரிகையாளராக, ஆசிரியராக இருந்துகொண்டே இதையும் செய்கிறார்கள். வழிகள் இருக்கின்றன. விலங்கியல், தாவரவியல் படிக்கலாம். உதகை அரசு கலைக் கல்லூரியிலும் மயிலாடுதுறை அருகே மன்னம்பந்தல் ஏ.வி.சி. கல்லூரியிலும் வனவிலங்கு உயிரியல் பாடம் இருக்கிறது. சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். அரசு திரைப்படம் மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. பன்னிரண்டாம் வகுப்பு முடித்தவர்கள் விண்ணப்பிக்கலாம். எந்த வழியில் போனாலும் பத்தும் பன்னிரண்டும் தாண்ட வேண்டும். அதனால்தான் பிள்ளையைப் பள்ளியில் தக்கவைப்பது இந்தத் தொழிலின் முதல் பாடம் என்று நினைக்கிறேன்.

பள்ளி திறந்த பிறகு என் வகுப்பில் ஒரு சிறு மாற்றம் செய்தேன். வாரம் ஒரு பாடவேளை. என் கைப்பேசியில் ஒரு நிமிடக் காட்சி எடுத்து வருவேன். எறும்பு வரிசை, குட்டையில் எருமை, மின்கம்பியில் கரிச்சான் என்று ஏதாவது ஒன்று. ஒலியை நிறுத்திவிட்டுத் திரையில் மூன்று முறை போடுவேன். பிள்ளைகள் வர்ணனை எழுதி, காட்சி ஓடும்போது படிக்க வேண்டும். தமிழ் ஐயா வந்து மொழியைப் பார்ப்பார். நான் தகவலைப் பார்ப்பேன். தொடக்கப் பள்ளியில் எழுதச் சொல்ல வேண்டாம். வாயால் சொன்னால் போதும்.

பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் இருக்கும் குட்டையில் குருட்டுக்கொக்கு ஒன்றை எடுத்துப் போட்டேன். எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி முதலில் எழுதியது: "இது கொக்கு. இது குட்டையில் நிற்கிறது. இது மீன் பிடிக்கிறது." "இதெல்லாம் எங்களுக்கே தெரியுதேம்மா, எங்களுக்குத் தெரியாததைச் சொல்லு" என்றேன். இரண்டு நாள் குட்டைப் பக்கம் போய்ப் பார்த்துவிட்டு வந்து எழுதினாள்: "உட்கார்ந்திருக்கும்போது இது சேறு. பறக்கும்போதுதான் கொக்கு." அந்தக் கொக்கு அமர்ந்திருக்கும்போது சேற்று நிறம், சிறகை விரித்தால் வெள்ளை. ஐந்தே சொற்களில் உருமறைப்பு என்ற பாடம் முழுவதும் வந்துவிட்டது. கட்டுரைப் பயிற்சியில் ஒரு பக்கம் எழுதத் திணறும் பெண் அவள்.

இந்தப் பாடவேளையில் முதலில் கை தூக்குபவர்கள் யார் என்று கவனித்து வருகிறேன். ஆடு மேய்க்கப் போகிறவர்கள், ஏரிக்குப் போகிறவர்கள், விடுமுறையில் செங்கல் சூளையில் இருந்துவிட்டு வருகிறவர்கள். மற்ற பாடவேளைகளில் பேசாத பிள்ளைகள்.

கடைசியாக ஒன்று. 2024 நவம்பரில் ஒரு மாலை, பொன்னேரி பேருந்தில் யாரோ எழுந்து எனக்கு இடம் கொடுத்தார்கள். நிமிர்ந்து பார்த்தால் அவன். மீசை வைத்திருந்தான். தொழிற்பேட்டையில் ஒப்பந்தத் தொழிலாளியாகச் சரக்கு ஏற்றி இறக்குகிறான். நலம் விசாரிப்பதற்கு முன்னால் அவன் கேட்டது: "சார், ஏரிக்குப் பூநாரை வந்துடுச்சு, பாத்தீங்களா?"

ஏறக்குறைய ஆறு ஆண்டுகள் தாமதமாக அவனுக்குப் பதில் சொன்னேன். பூநாரை விஷயத்தில் நீ சொன்னதுதான் சரி என்றேன். அந்த வர்ணனையை எழுதியவர்களைப் பற்றிச் சொன்னேன். இருளர் மக்களைப் பற்றிய படத்தைச் சொன்னேன். "அதெல்லாம் ஞாபகம் வெச்சிருக்கீங்களா சார்?" என்று சிரித்தான். மன்னிப்பு என்ற சொல்லை மாணவனிடம் சொல்ல எனக்கு அன்றுவரை பழக்கமில்லை. பேருந்துச் சத்தத்தில் அதையும் சொன்னேன். அவனுக்குக் கேட்டதா என்று தெரியவில்லை.

அவனை ஒரு சனிக்கிழமை பள்ளிக்கு அழைத்தேன். விடுப்பு போட்டால் அன்றைய கூலி போகும். இருந்தும் வந்தான். பூநாரை எப்படித் தின்கிறது என்று கையை அலகு மாதிரி கவிழ்த்துக் காட்டி, பத்து நிமிடம் பேசினான். நான் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து குறிப்பெடுத்தேன். இப்போது பத்தாம் வகுப்பைத் தனித்தேர்வராக எழுதச் சொல்லியிருக்கிறேன். அறிவியல் செய்முறைப் பயிற்சிக்குப் பெயர் பதிவு செய்ய வேண்டும் என்று எடுத்துச் சொன்னேன். "பாக்கலாம் சார்" என்கிறான். இன்னும் விண்ணப்பம் போடவில்லை. இந்த முறை மூன்றாவது தடவையும் அவன் வீட்டுக்குப் போவேன், நான்காவது தடவையும் போவேன்.

நண்பர்களே, நாளை உங்கள் வகுப்பில் ஒரு பிள்ளை உங்களைத் திருத்தினால், "நீ எங்கே பார்த்தாய்?" என்று கேளுங்கள். பாடத்தில் இல்லாத கேள்வி வந்தால், விடை தெரியாவிட்டாலும் கரும்பலகையின் ஓரத்தில் எழுதி வையுங்கள். மறுநாள் தேடிக்கொண்டு வந்து சொல்லலாம். ஆறு ஆண்டுகள் ஆக வேண்டியதில்லை.